நாராவில் தனி கைடு வைத்துக்கொள்ளலாமா? தாராளமாக, ஆனால் அரை நாளுக்கு மட்டும்

நீங்கள் கேட்டது இது: ஏப்ரலில் அப்பா, அம்மா, பள்ளிக்கூடம் போகும் மகளோடு ஜப்பான் போகிறீர்கள், கியோட்டோவில் தங்கி ஒரே ஒரு நாள் நாராவுக்கு. அங்கே தனியாக ஒரு கைடு வைத்து நடந்தே சுற்றிப் பார்க்க நாற்பதாயிரம் யென் கேட்கிறார்கள். அது தகுமா, எப்படிப்பட்ட ஆளைப் பிடிப்பது, சைவச் சாப்பாட்டுக்கு என்ன வழி, அப்பாவால் அவ்வளவு நடக்க முடியுமா.

தகும். ஆனால் முழு நாள் வேண்டாம், நான்கு மணி நேரம் போதும். அதையும் காலை எட்டு மணிக்கே தொடங்கச் சம்மதிக்கிறவராகப் பாருங்கள். மதியத்துக்கு மேல் நீங்களே சுற்றிக்கொள்ளலாம். நான் ஒசாகாவில் இருப்பதால் ஊரிலிருந்து யார் வந்தாலும் நாராவுக்குக் கூட்டிப்போவது என் தலையில்தான் விழும், கைடுகளோடும் போயிருக்கிறேன், கைடு இல்லாமல் நானே வாய் வலிக்கப் பேசியும் இருக்கிறேன், அந்தப் பழக்கத்தில் சொல்கிறேன்.

கியோட்டோவில் ஒரு நாள், நாராவில் ஒரு நாள் என்று இருந்து கைடுக்கான காசு ஒரு நாளுக்குத்தான் இருக்கிறது என்றால் அதை நாராவில் செலவழியுங்கள். பெரும்பாலானவர்கள் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள். கியோட்டோவில் கியோமிசு, ஃபுஷிமி இனாரி போன்ற பிரபலமான இடங்களில் கூட்டம் நெரிக்கும், அந்த நெரிசலில் கைடு கொடியைத் தூக்கிக்கொண்டு முன்னால் போவதற்கு மேல் பெரிதாக ஒன்றும் செய்ய முடியாது, அந்த இடங்கள் யாரும் விளக்காமலே கண்ணுக்கு அழகாகவும் இருக்கும். நாரா அப்படியில்லை. 710இல் தலைநகராகி 784இல் தலைநகரம் வேறிடம் போய்விட்ட ஊர் அது. அரசு போனது, கோயில்கள் நின்றன, 1180இல் போரில் தோடாய்ஜி, கோஃபுகுஜி என்ற பெரிய கோயில்கள் இரண்டும் எரிந்தன, மறுபடி கட்டினார்கள், 1567இல் தோடாய்ஜியில் மறுபடி தீ, மறுபடி கட்டினார்கள். இன்று ஒரே வளாகத்துக்குள் எட்டாம் நூற்றாண்டும் பன்னிரண்டாம் நூற்றாண்டும் பதினெட்டாம் நூற்றாண்டும் ஒட்டிக்கொண்டு நிற்கின்றன, எது எந்தக் காலம் என்று சொல்ல ஆள் இல்லாவிட்டால் நீங்கள் பார்ப்பது ஒரு பெரிய மரக் கட்டடம், ஒரு பெரிய புத்தர், நிறைய மான்கள். அதைப் பார்த்துவிட்டு இரண்டு மணி நேரத்தில் ரயிலேறுகிறவர்கள்தான் அதிகம்.

சரி, அந்த நான்கு மணி நேரத்தில் எங்கே போவது. கைடு சந்திக்கும் இடம் அநேகமாக கிண்டெட்சு நாரா நிலையத்துக்கு வெளியே இருக்கும் நீரூற்றுதான், அதன் நடுவில் ஒரு பிக்குவின் சிலை. உள்ளூர்க்காரர்களும் யாரையாவது சந்திப்பதென்றால் அங்கேதான் வரச் சொல்வார்கள். அந்தப் பிக்குவின் பெயர் கியோகி. ஊர் ஊராகப் போய் மக்களைத் திரட்டிப் பாலமும் குளமும் கட்டியவர், அனுமதியில்லாமல் கூட்டம் சேர்க்கிறார் என்று அரசு முதலில் அவரை அடக்கப் பார்த்தது, பிற்பாடு பேரரசர் ஷோமுவுக்குப் பெரிய புத்தர் சிலை செய்ய ஆளும் பொருளும் தேவைப்பட்டபோது அதே அரசு அவரையே கூப்பிட்டு 745இல் மிக உயர்ந்த பதவியும் கொடுத்தது. சிலை முடிவதற்குள் 749இல் இறந்துவிட்டார். சிலையின் முகம் தோடாய்ஜி இருக்கும் திசையைப் பார்த்திருக்கும். நல்ல கைடு என்றால் இங்கேயே கதையைத் தொடங்குவார். "வந்துவிட்டீர்களா, போகலாம்" என்று நேரே மான் பக்கம் நடக்கத் தொடங்குகிறவரிடம் பெரிதாக எதிர்பார்க்காதீர்கள்.

கோஃபுகுஜி வழியில்தான் இருக்கிறது, ஆனாலும் முதலில் அங்கே நிற்கவேண்டாம், நேரே தோடாய்ஜிக்குப் போய்விடுங்கள். பெரிய புத்தர் மண்டபம் ஏப்ரல் முதல் அக்டோபர் வரை காலை 7:30க்கே திறக்கும், கியோட்டோவிலிருந்தும் ஒசாகாவிலிருந்தும் சுற்றுலாப் பேருந்துகள் வந்து குவிவது பத்து மணிக்குமேல். எட்டரைக்கு நீங்கள் உள்ளே இருந்தால் கைடு சாதாரணக் குரலில் பேசினாலே காதில் விழும்.

மண்டபத்துக்கு முன்னால் நந்தாய்மோன் என்ற தெற்கு வாசல் வரும், அங்கே குறைந்தது கால் மணி நேரம் நில்லுங்கள். என்னைக் கேட்டால் நாராவில் கைடுக்குக் கொடுக்கும் காசில் பாதி இந்த ஒரு வாசலுக்கே சரியாகிவிடும். 1180 தீக்குப் பிறகு கோயிலைத் திரும்பக் கட்டும் பொறுப்பை ஏற்றபோது சோகென் என்ற பிக்குவுக்கு வயது 61. மரம் கிடைக்காமல் ஜப்பானின் முக்கியத் தீவின் மேற்குக் கோடியிலிருந்து வெட்டி ஆற்றிலும் கடலிலுமாக மிதக்கவிட்டுக் கொண்டுவந்தார், சீனத்துக் கைவினைஞர்களை வேலைக்கு வைத்தார், அதனால்தான் அந்த வாசலின் கட்டுமானம் ஜப்பானின் மற்ற வாசல்களைப் போல இருக்காது. கீழே நின்று அண்ணாந்து பாருங்கள், உட்கூரை என்று எதுவும் இல்லை, தூண்கள் தரையிலிருந்து நேரே கூரை வரை போகும், உத்தரங்கள் அவற்றைத் துளைத்துக்கொண்டு அடுக்கடுக்காக ஓடும். இரண்டு பக்கமும் எட்டு மீட்டருக்கு மேல் உயரமான காவல் தெய்வங்கள், ஒருவர் வாய் திறந்து, ஒருவர் வாய் மூடி. 1203இல் உன்கெய், கைகெய் முதலான சிற்பிகள் 69 நாளில் செய்து முடித்தார்கள், ஒவ்வொன்றும் ஏறக்குறைய மூவாயிரம் மரத் துண்டுகளை இணைத்துச் செய்தது. 1988இல் தொடங்கி இவற்றைப் பிரித்துப் பழுது பார்த்தபோதுதான் உள்ளே வைத்திருந்த ஏடுகளில் சிற்பிகளின் பெயர்கள் கிடைத்தன. வழக்கமாக வாசலில் நிற்கும் காவலர்கள் வெளியே பார்ப்பார்கள், இவர்கள் ஒருவரையொருவர் பார்த்து நிற்கிறார்கள். இதையெல்லாம் பார்த்து முடித்ததும் எல்லோரும் நேரே போய்விடுவார்கள். நீங்கள் வாசலைத் தாண்டியதும் திரும்பி அதன் பின்பக்கத்தைப் பாருங்கள், அங்கே ஒரு ஜோடி கல் சிங்கங்கள் இருக்கும், 1196இல் சீனச் சிற்பிகள் செதுக்கியவை. கைடு இதைக் காட்டாமல் போனால் நீங்களே கேளுங்கள்.

பெரிய புத்தர் ஏறக்குறைய 15 மீட்டர். உள்ளே போனவுடன் எல்லோரும் முகத்தைத்தான் பார்க்கிறோம், ஆனால் அந்தத் தலை பழையது அல்ல. 855 நிலநடுக்கத்தில் ஒருமுறை விழுந்தது, தீயில் உருகியது, இப்போது இருப்பது பதினேழாம் நூற்றாண்டின் கடைசியில் வார்த்தது. எட்டாம் நூற்றாண்டு மிச்சம் இருப்பது கீழே, பீடத்தின் தாமரை இதழ்களில். மேரு மலையும் உலகங்களும் அடுக்கடுக்காக அந்த இதழ்களில் கோடுகளாகக் கீறப்பட்டிருக்கும், வெளிச்சம் குறைவு, கூர்ந்து பார்த்தால்தான் தெரியும். 1567 தீக்குப் பிறகு நூறு ஆண்டுக்கும் மேலாக இந்தப் புத்தர் முறையான கூரையில்லாமல் வெயிலிலும் மழையிலும் இருந்தார். இப்போதுள்ள மண்டபம் 1709இல் முடிந்தது, அகலம் 57 மீட்டர், முதலில் கட்டியது 86 மீட்டர். பணமும் மரமும் போதாமல் சுருக்கிக் கட்டியதே இவ்வளவு பெரிது. உள்ளே பழைய வளாகத்தின் மாதிரி வடிவம் வைத்திருக்கிறார்கள், இரு பக்கமும் ஏழடுக்குக் கோபுரங்களோடு. அந்தக் கோபுரங்கள் இப்போது இல்லை. ஒரு தூணில் ஓட்டை இருக்கும், புத்தரின் மூக்குத்துளை அளவு என்பார்கள், குழந்தைகள் நுழைந்து வெளியே வரும் இடம். பத்து மணிக்குமேல் அங்கே வரிசை நீளும், உங்கள் மகளுக்கு ஆசை இருந்தால் காலையிலேயே போய்விடட்டும்.

இங்கே நம்மவர்கள் காது கொடுத்துக் கேட்கவேண்டிய கதை ஒன்று உண்டு. 752இல் இந்தச் சிலைக்குக் கண் திறந்தது ஒரு இந்திய பிக்கு, போதிசேனர். நம் ஊர்ச் சிற்பிகள் எல்லாம் முடித்துக் கடைசியில் கண் திறக்கிறார்களே, அதே மாதிரிச் சடங்குதான். அவர் பிடித்த தூரிகையோடு நீளமான நீலக் கயிறு கட்டியிருந்தது, வந்தவர்கள் அதைப் பிடித்துக்கொண்டு சடங்கில் பங்குபெற்றார்கள். தூரிகையும் கயிறும் இன்னும் இருக்கின்றன, கோயிலுக்குப் பின்னால் உள்ள ஷோசோயின் களஞ்சியத்தில். போதிசேனர் சீனம் வழியாக 736இல் வந்து இறங்கியபோது நனிவாவில், அதாவது இன்றைய ஒசாகாவில், அவரை வரவேற்றது யார் என்றால் காலையில் நீரூற்றில் பார்த்தோமே, அதே கியோகி. வியட்நாம் பக்கத்திலிருந்து வந்த ஒரு பிக்குவும் உடன் வந்தார், அவர் கொண்டுவந்த இசையும் நடனமும் ஜப்பானிய அரசவை இசைக்குள் கலந்துபோனது. பழைய ஜப்பானியப் பதிவுகள் போதிசேனரைத் தென்னிந்தியப் பிராமணர் என்கின்றன. அவர் மதுரைக்காரர் என்று நம் பக்கத்தில் சொல்கிறவர்கள் இருக்கிறார்கள், நான் அவ்வளவு தூரம் போகமாட்டேன், தென்னிந்தியா என்பதோடு நிறுத்திக்கொள்வேன். அவர் 760இல் இங்கேயே இறந்தார், நினைவிடம் நாராவின் மேற்கே ரியோசென்ஜி கோயிலில் இருக்கிறது, ஆனால் அது நடந்து போகிற தூரமில்லை, உங்கள் ஒரு நாளில் இடிக்கும். கைடிடம் முன்கூட்டியே "போதிசேனரைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று எழுதிவிட்டால் தயாராக வருவார். கேட்காவிட்டால் பெரும்பாலானவர்கள் ஒரு வரியில் கடந்துவிடுவார்கள், அமெரிக்காவிலிருந்து வருபவருக்கு அது எதற்கு என்று.

மண்டபத்துக்குப் பின்பக்கம் போனால் மண்சுவர்களுக்கு நடுவே கல் பாவிய ஒரு பாதை மெதுவாக மேலே ஏறும், சுவரில் பழைய ஓடுகளைப் பதித்திருப்பார்கள். அது மேட்டின்மேல் இருக்கும் நிகட்சுதோ மண்டபத்துக்குப் போகும் பின்வழி. முன்பக்கப் படிகளைவிட உங்கள் அப்பாவுக்கு இதுதான் எளிது. மேல்மாடத்தில் நின்றால் நாரா முழுக்கத் தெரியும், கட்டணம் கிடையாது, பக்கத்திலேயே ஒரு ஓய்வறையில் இலவசமாகத் தேநீர் இருக்கும், குடித்த கோப்பையை நாமே கழுவி வைக்கவேண்டும், அவ்வளவுதான். மார்ச் முதல் இரண்டு வாரம் இந்த மாடத்தில்தான் பெரிய தீப்பந்தங்களோடு ஓடுவார்கள், 752இல் தொடங்கிய சடங்கு, ஒரு ஆண்டுகூட விட்டதில்லை. 1667இல் அந்தச் சடங்கின்போதே கட்டடம் எரிந்துபோனது, அப்படியும் விடவில்லை. நீங்கள் ஏப்ரலில் போவதால் பார்க்க முடியாது, ஆனால் கைடு சொல்லக் கேட்கலாம்.

பக்கத்திலேயே ஹொக்கேதோ என்ற மண்டபம். கூட்டமே இருக்காது, இத்தனைக்கும் தோடாய்ஜியில் மிஞ்சியிருக்கும் கட்டடங்களில் பழையது இதுதான். வெளியே பக்கவாட்டில் நின்று கூரையைப் பாருங்கள், ஒரு பாதி எட்டாம் நூற்றாண்டு, மறுபாதி கிட்டத்தட்ட நானூற்றைம்பது ஆண்டு கழித்து ஒட்டவைத்தது, கைடு கையை நீட்டிக் காட்டினால் எந்த இடத்தில் சேர்கிறது என்று புரியும். உள்ளே எட்டுக் கைகளும் மூன்று கண்களுமாக ஒரு அவலோகிதேஸ்வரர், இரண்டு பக்கமும் நான்கு மீட்டர் உயரத்தில் பிரம்மாவும் இந்திரனும். இருவரும் சீன உடையில் இருப்பார்கள், சொல்லாவிட்டால் அடையாளமே தெரியாது. உட்கார்ந்து பார்க்க இடம் உண்டு, அம்மா அப்பாவுக்குக் கால் ஓய்வும் கிடைக்கும். தோடாய்ஜிக்குப் போகிற பத்துப் பேரில் ஒருவராவது இதற்குள் நுழைவாரா என்பது சந்தேகம்தான்.

இதற்குள் பத்தரை ஆகியிருக்கும். இப்போது கோஃபுகுஜிக்கு இறங்கி வாருங்கள். அதன் ஐந்தடுக்குக் கோபுரம், 1426இல் கட்டியது, ஐம்பது மீட்டர், எல்லாப் படங்களிலும் வருவது, பழுதுபார்ப்புக்காக இப்போது முழுக்க மூடப்பட்டிருக்கிறது. இன்னும் சில ஆண்டுகள் ஆகும். அதைப் பார்த்து ஏமாறவேண்டாம், பார்க்கவேண்டியது அருங்காட்சியக மண்டபத்துக்குள் இருக்கிறது. 734இல் செய்த எட்டுத் தேவகணங்களின் சிலைகள். மூன்று முகம் ஆறு கையோடு, வருத்தமும் யோசனையும் கலந்த ஒரு பையன் முகத்தோடு இருக்கும் அசுரரைப் பார்க்க ஜப்பானியர்களே வரிசையில் நிற்பார்கள். பக்கத்தில் பறவைத் தலையோடு கருடன், அவரை யாரும் சீண்டுவதில்லை, பாவம். களிமண் உருவத்தின்மேல் துணியையும் அரக்குப் போன்ற மரப்பாலையும் மாறி மாறி ஒட்டி, காய்ந்ததும் உள்ளேயிருக்கும் களிமண்ணை எடுத்துவிடுவார்கள். ஆள் உயரச் சிலை, எடை 15 கிலோ அளவுதான். அதனால்தான் ஒவ்வொரு தீயின்போதும் பிக்குகளால் தூக்கிக்கொண்டு ஓட முடிந்தது, அதனால்தான் இன்று நாம் பார்க்கிறோம். எதிர்மாறான கதையும் அங்கேயே இருக்கிறது: வெண்கலப் புத்தரின் தலை மட்டும், 685ஆம் ஆண்டினது. வேறொரு கோயிலிலிருந்து இந்தக் கோயில் பிக்குகள் பலவந்தமாகக் கொண்டுவந்தார்கள், 1411 தீயில் உடல் போய்விட்டது, தலை எங்கே என்றே தெரியாமல் இருந்தது, 1937இல் கிழக்கு மண்டபத்தின் பீடத்துக்குள்ளிருந்து கண்டெடுத்தார்கள்.

இந்த மண்டபத்துக்குள் படம் எடுக்கக்கூடாது, சத்தமாகப் பேசவும் கூடாது. அதனால் அனுபவமுள்ள கைடுகள் வெளியே மரத்தடியில் நிறுத்திப் படங்களை வைத்து எல்லாம் சொல்லிவிட்டு உள்ளே போனதும் வாயை மூடிக்கொள்வார்கள். இது நல்ல கைடுக்கு நிச்சயமான அடையாளம். இன்னொன்றும் கேளுங்கள்: இவ்வளவு பெரிய கோயிலுக்கு ஏன் மதில் இல்லை, ஏன் பூங்காவுக்கு நடுவில் அநாதையாக நிற்கிறது? 1868இல் புதிய அரசு ஜப்பானின் பழைய மதமான ஷின்டோவையும் பௌத்தத்தையும் பிரிக்க ஆணையிட்டது, அதுவரை கோஃபுகுஜியும் கசுகா என்ற ஷின்டோ கோயிலும் ஒன்றாகவே இருந்தவை, பிக்குகள் எல்லோரும் ஒரே அடியாகக் கசுகாவின் பூசாரிகளாக மாறினார்கள், இந்தக் கோயில் கவனிப்பாரற்றுப் போய் மதில் இடிக்கப்பட்டு நிலம் பூங்காவாகிவிட்டது. ஐந்தடுக்குக் கோபுரத்தையே சொற்ப விலைக்கு விற்றார்கள், வாங்கியவர் உலோகத்துக்காக எரிக்கப் பார்த்தார், தங்கள் வீடுகளுக்கும் தீ பரவும் என்று அக்கம்பக்கத்தார் தடுத்தார்கள் என்று ஒரு கதை சொல்வார்கள்.

இங்கேயே பன்னிரண்டு ஆகிவிடும், கைடை அனுப்பிவிடலாம்.

மதியத்துக்கு இரண்டு வழி. ஒன்று, கசுகா தைஷா: 768இல் நிறுவியது, கல்லும் வெண்கலமுமாக ஏறக்குறைய மூவாயிரம் விளக்குகள். எல்லாவற்றையும் ஏற்றுவது பிப்ரவரித் தொடக்கத்திலும் ஆகஸ்ட் நடுவிலும் மட்டும்தான், மற்ற நாளில் உள்ளே ஒரு இருட்டறையில் சில விளக்குகளை எப்போதும் ஏற்றி வைத்திருக்கிறார்கள், அதைப் பாருங்கள். அதன் பின்னால் இருக்கும் காட்டில் 841இலிருந்து மரம் வெட்டவும் வேட்டையாடவும் தடை. கோயிலிலிருந்து மரங்களுக்கு நடுவே ஒரு மண்பாதை தகபதகே என்ற அமைதியான குடியிருப்புப் பக்கம் இறங்கும், அங்கே ஷின்-யகுஷிஜி கோயில், உள்ளே வட்டமாக நிற்கும் பன்னிரண்டு களிமண் படைத்தலைவர்கள். இரண்டாவது, நாராமாச்சி: பழைய வணிகர் தெருக்கள், முன்பக்கம் மரச்சட்டங்கள் வைத்த குறுகலான நீண்ட வீடுகள், கூரை ஓரத்தில் வீட்டில் எத்தனை பேரோ அத்தனை சிவப்புத் துணிக் குரங்குகள் தொங்கும், வருகிற கெடுதலை அவை வாங்கிக்கொள்ளுமாம். அந்தப் பகுதி முழுவதுமே ஒரு காலத்தில் கங்கோஜி கோயிலின் வளாகம், 1451 கலவரத்தில் கோயில் எரிந்தபின் மக்கள் வீடு கட்டிக்கொண்டார்கள். மிஞ்சிய மண்டபத்தின் கூரையில் பழுப்பும் சிவப்புமாக நிறம் மாறி மாறி இருக்கும் ஓடுகளைத் தேடுங்கள், அதில் சில, தலைநகரம் நாராவுக்கு வருவதற்கு முந்தையவை. 718இல் கோயிலை இடம் மாற்றியபோது கூரையோடு கொண்டுவந்தவை. அப்பா களைத்திருந்தால் நாராமாச்சிதான் சரி, சமதரை, நிலையத்துக்கும் பக்கம். இரண்டையும் சேர்த்தால் நாள் முழுக்க எட்டு கிலோமீட்டர் வரை வரும், பாதியில் டாக்சி எடுக்க வெட்கப்படவேண்டாம்.

மான்களுக்குக் கைடு தேவையே இல்லை. 1,300க்கும் மேல் இருக்கின்றன, வளர்ப்பு அல்ல, காட்டு மான்கள். அவற்றுக்கென்று விற்கும் பிஸ்கட்டைத் தவிர வேறு எதையும் கொடுக்காதீர்கள், வாங்கியவுடன் தாமதிக்காமல் கொடுத்து முடித்துவிட்டு இரண்டு உள்ளங்கையையும் விரித்துக் காட்டினால் போய்விடும். பிஸ்கட்டைக் கையில் வைத்துக்கொண்டு படம் எடுப்பதற்காகக் காக்க வைத்தால் பின்னாலிருந்து கடிக்கும். பிளாஸ்டிக் பை, காகித வரைபடம் எல்லாம் தின்னும், பைக்குள் வையுங்கள். இலையுதிர் காலத்தில் ஆண் மான்களும் மே மாதத்திலிருந்து குட்டி போட்ட தாய் மான்களும் முரடாக இருக்கும், ஏப்ரல் ஓரளவு நிம்மதி.

இனி ஆளைப் பிடிக்கிற விஷயம். ஜப்பானில் இதற்கு அரசு உரிமத் தேர்வு இருக்கிறது, வரலாறு, புவியியல், மொழி, நேர்முகம் எல்லாம் உண்டு, எளிதான தேர்வு இல்லை. 2018 ஜனவரி வரை அந்த உரிமம் இல்லாமல் வெளிநாட்டவரைக் காசுக்குக் கூட்டிப்போவது சட்டப்படி கூடாது, அதன் பிறகு யார் வேண்டுமானாலும் செய்யலாம் என்று திறந்துவிட்டார்கள். அதனால் இணையத்தில் இப்போது இரண்டு வகையும் கலந்து கிடக்கும். உணவகம், புகைப்படம் என்று போவதானால் உரிமம் இல்லாதவரே நன்றாக இருக்கக்கூடும், ஆனால் நாரா போன்ற ஊருக்கு உரிமம் உள்ளவரையே நான் சொல்வேன். தேர்வு நடக்கும் மொழிகளில் இந்தியும் இல்லை, தமிழும் இல்லை, ஆகவே ஆங்கிலம்தான். அப்பா அம்மாவுக்கு ஜப்பானிய உச்சரிப்பு பழக நேரம் எடுக்கும், முன்பதிவுக்கு முன் ஐந்து நிமிடம் வீடியோவில் பேசிப் பாருங்கள், மெதுவாகப் பேசச் சொல்லுங்கள், நீங்கள் நடுவே தமிழில் சொல்வீர்கள் என்பதையும் தெரிவித்துவிடுங்கள்.

விலை சுமாராக அரை நாளுக்கு 20,000 முதல் 35,000 யென், முழு நாளுக்கு அதன் ஒன்றரை இரண்டு மடங்கு. இது பெரும்பாலும் ஒரு குழுவுக்கான விலை, தலைக்கு அல்ல, எதற்கும் கேட்டுக்கொள்ளுங்கள், சில இடங்களில் ஆளுக்கு இவ்வளவு என்றும் போடுகிறார்கள். நுழைவுக் கட்டணம் பெரும்பாலும் தனி, பெரிய புத்தர் மண்டபத்துக்கு மட்டும் பெரியவருக்கு 800 யென், கைடின் நுழைவுச் சீட்டையும் நீங்கள் எடுக்கவேண்டி வரலாம். "கியோட்டோவும் நாராவும் ஒரே நாளில்" என்று வருகிற எதையும் திரும்பிக்கூடப் பார்க்காதீர்கள்.

முன்பதிவுக்கு முன் அனுப்பும் செய்தியில் இதைக் கேளுங்கள்: நந்தாய்மோன், ஹொக்கேதோ, கோஃபுகுஜி அருங்காட்சியகம் மூன்றுக்கும் நேரம் ஒதுக்க முடியுமா, எட்டு மணிக்குத் தொடங்க முடியுமா, 70 வயதுக்காரர் ஒருவர் வருகிறார், எந்தப் பக்கமாக ஏறுவது நல்லது. பதிலில் ஆளின் தரம் தெரிந்துவிடும். "ஹொக்கேதோ எட்டரைக்குத்தான் திறக்கும், அதனால் முதலில் இதைப் பார்ப்போம், ஏறுவதற்குப் பின்வழி" என்று குறிப்பாக எழுதுகிறவரை உடனே பிடியுங்கள். "எல்லாம் உங்கள் விருப்பப்படி, சிறந்த அனுபவம் தருவோம்" என்று பொத்தாம்பொதுவாக வந்தால் அடுத்த ஆளைப் பாருங்கள்.

காசே வேண்டாம் என்றால் நாராவில் தன்னார்வக் கைடுகள் உண்டு. ஓய்வுபெற்றவர்கள் நடத்தும் குழுக்கள், மாணவர் குழுக்கள் இரண்டும் இருக்கின்றன. அவர்களுடைய பயணச் செலவு, தேவைப்பட்டால் நுழைவுக் கட்டணம், சாப்பாடு நம் பொறுப்பு, சில வாரம் முன்பே விண்ணப்பிக்கவேண்டும். உங்கள் மகளுக்குக் கல்லூரி மாணவர்களோடு நடப்பது உண்மையாகவே பிடிக்கும், பேச்சு வரலாற்றை விட்டு எங்கெங்கோ போகும், போகட்டுமே. ஆழமாக வேண்டுமானால் ஓய்வுபெற்றவர்கள் குழு. யார் வருவார் என்று தேர்ந்தெடுக்க முடியாது என்பது மட்டும்தான் குறை.

சாப்பாடு. ஜப்பானில் காய்கறி மட்டும் என்று சொல்லிவிட்டால் போதாது, குழம்புக்கும் சாறுக்கும் அடிப்படையே காய்ந்த மீன் சீவல் போட்ட தாஷிதான், நூடுல்ஸ் சாற்றிலும் அது இருக்கும், பரிமாறுகிறவருக்கு அது மீனாகவே தோன்றாது. நாராவின் பெயர்போன பெர்சிமன் இலைச் சுஷி உங்களுக்கு ஆகாது, உள்ளே மீன். ஊறுகாய் மதுக் கசண்டில் ஊறியது. தேநீர்க் கஞ்சி, குஜு மாவு இனிப்புகள், வறுத்த சோயாப் பொடி தூவிய வராபி மோச்சி இவை சரி, கஞ்சியோடு வரும் பக்கத் துணைகளைக் கேட்டுச் சாப்பிடுங்கள். கைடை வைத்துக்கொள்வதில் ஒரு பெரிய லாபம் இதுதான், மீனும் தாஷியும் இல்லாத மதியச் சாப்பாட்டுக்கு ஒரு வாரம் முன்பே கடைக்குப் போன் பண்ணி இடம் பிடித்து வைக்கச் சொல்லுங்கள். ஒன்றும் அமையாவிட்டால் நிலையங்களைச் சுற்றி இந்தியச் சாப்பாட்டுக் கடைகள் உண்டு.

கியோட்டோவிலிருந்து கிண்டெட்சு ரயிலில் வாருங்கள், சிறப்பு விரைவு வண்டியில் ஏறக்குறைய 35 நிமிடம், இறங்கியதும் அந்த நீரூற்றுதான். ஜேஆர், அதாவது ஜப்பான் ரயில்வேயின் பாஸ் இதில் செல்லாது. பாஸ் கையில் இருக்கிறது என்பதற்காக ஜேஆர் வண்டியில் வந்தால் 45 நிமிடம், அதன் நிலையம் வேறு, அங்கிருந்து கோஃபுகுஜிக்கே இருபது நிமிட நடை, காலையிலேயே அப்பாவின் காலைச் செலவழித்துவிடுவீர்கள். காலணி எளிதாகக் கழற்றி மாட்டுகிற மாதிரி இருக்கட்டும். டிப்ஸ் கொடுக்கவேண்டாம், சங்கடப்படுவார்கள், ஊரிலிருந்து ஒரு பொட்டலம் முறுக்கோ இனிப்போ கொடுத்தால் சந்தோஷமாக வாங்கிக்கொள்வார்கள். மழை பெய்தாலும் நடை நடக்கும், மழைக்காக ரத்து செய்தால் பணம் திரும்ப வருமா என்பதை முன்பதிவின்போதே எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். ஏப்ரல் முதல் பத்து நாளில் போவதானால் செர்ரி மலர் நேரம், நல்ல கைடுகளின் நாட்கள் முதலில் நிரம்பும், இந்த வாரமே இரண்டு மூன்று பேருக்கு எழுதிவிடுங்கள்.